ஐஸ்லாந்தின் மந்திர எழுத்துக்காரர்கள்

ரூன் என்பது வட ஐரோப்பாவின் செர்மானிய மக்கள் வழங்கிய பழைய எழுத்துமுறை. அதன் தொடக்க வடிவில் 24 குறிகள் இருந்தன. எல்லாமே செங்குத்துக் கோடுகளும் சாய்கோடுகளும்தான். மரத்தில் கத்திமுனையால் கீறும்போது கிடைக்கோடு மரத்தின் ரேகையோடு கலந்து மறைந்துவிடும் என்பதால் அதைத் தவிர்த்தார்கள். டென்மார்க்கின் விமோஸ் சதுப்பில் கிடைத்த சீப்பு ஒன்றில், ஏறத்தாழ கி.பி. 160இல் கீறிய ஒற்றைச் சொல்லை இன்றும் படிக்க முடிகிறது. ‘ரூன்’ என்ற சொல்லுக்கே பழைய செர்மானிய மொழிகளில் மறைபொருள், இரகசியம் என்ற பொருளும் உண்டு. கற்பனைக் கதைகளில் குறி கீறி நெருப்பை வரவழைக்கும் மந்திரவாதிகளுக்கு வேர் இங்கேதான் இருக்கிறது.

ஆனால் ரூன் கீறியவர்களில் பெரும்பாலோர் மந்திரவாதிகள் அல்லர். நார்வேயின் பெர்கன் நகரில் துறைமுகத்தை ஒட்டிய ப்ரிக்கன் பகுதி 1955இல் தீக்கிரையானது. அதன்பின் நடந்த அகழாய்வில் 600க்கும் மேற்பட்ட ரூன் பொறிப்புகள் வெளிவந்தன. சரக்கின் உடைமையாளர் பெயர், வியாபாரச் செய்தி, காதல் வரி, வேண்டுதல் என்று அன்றாடம் புழங்கிய எழுத்து அவற்றில் தெரிகிறது. மந்திரமாகத் தோன்றும் பொறிப்புகள் அவற்றினும் பழையவை, எண்ணிக்கையில் குறைந்தவை. ஸ்வீடனின் தென்கோடியில் கிடைத்த லிண்ட்ஹோல்ம் எலும்புத் தாயத்தில் ஒரே எழுத்தை எட்டு முறை வரிசையாகக் கீறியிருக்கிறார்கள். அதே நாட்டின் பியோர்க்கெட்டோர்ப் நடுகல், தன்னை உடைப்பவனுக்குச் சாவு வரும் என்று சபிக்கிறது.

குறி கீறுபவனுக்கு எத்தகைய தேர்ச்சி வேண்டும் என்பதை 13ஆம் நூற்றாண்டில் ஐஸ்லாந்தில் எழுதப்பட்ட எகில் கதை காட்டுகிறது. கவிஞனும் போர்வீரனுமான எகில் ஒரு குடியானவர் வீட்டில் தங்குகிறான். அவ்வீட்டுப் பெண் நெடுநாளாகப் படுக்கையில் கிடக்கிறாள். படுக்கைக்குள் திமிங்கல எலும்பு ஒன்று அகப்படுகிறது. அதில் ரூன் கீறியவன் அக்கம்பக்கத்து இளைஞன்; அவள் காதலைப் பெற நினைத்து, எழுத்தைத் தவறாகக் கீறி நோயை வரவழைத்துவிட்டான். எகில் அந்த எழுத்துகளைச் சுரண்டி நெருப்பில் இட்டு, புதிதாகக் கீறித் தலையணையின் கீழ் வைத்ததும் அவள் தேறுகிறாள். கெட்ட எண்ணத்தைக் காட்டிலும் அரைகுறைப் படிப்பைக் கண்டு அஞ்சும் கதை இது.

ஏறத்தாழ கி.பி. 1000இல் ஐஸ்லாந்து கிறித்தவத்தை ஏற்றது. நூல் எழுத லத்தீன் எழுத்து வந்தபின் ரூன் மெல்ல மெல்ல ஒதுங்கியது. புழக்கம் குறையக் குறைய அதன் மர்மம் கூடியது. 1550இல் சீர்திருத்தத் திருச்சபை நிலைபெற்றதும், பழைய வேண்டுதல்களும் குறிகளும் ஒன்றாகத் தடைக்கு உள்ளாயின. இந்தக் காலத்தில்தான் ‘கால்ட்ராஸ்டாவிர்’ எனும் மந்திரக் குறிகள் கையேடுகளில் பெருகின. இவை தனித்தனி ரூன்கள் அல்ல. பல எழுத்துகளைப் பின்னி, ஐரோப்பிய மாந்திரீக நூல்களின் முத்திரைகளையும் கலந்து வரைந்த சக்கரங்கள். 16ஆம் நூற்றாண்டின் இறுதியையொட்டித் தொடங்கி நான்கு பேர் எழுதிச் சேர்த்த ‘கால்ட்ரபோக்’ என்ற ஏட்டில் 47 மந்திரங்கள் உள்ளன. திருடனைக் கண்டுபிடிக்க, பேறுகால வலி தணிய, அதிகாரியின் கோபம் ஆற என ஏழைக் குடியானவரின் கவலைகளே அதில் நிறைந்திருக்கின்றன. இயேசுவையும் பழைய கடவுளான ஓடினையும் சாத்தானையும் ஒரே ஏட்டில் அழைத்திருக்கிறார்கள். ஈயத்தில் செய்து புருவங்களுக்கு நடுவே அழுத்தும் ‘அச்சத்தின் தலைக்கவசம்’ என்ற குறி, எதிரியைக் கலங்கடிக்கும் என்று நம்பினார்கள்.

அப்போது ஐஸ்லாந்தையும் ஆண்ட டென்மார்க் மன்னர் நான்காம் கிறிஸ்டியன் 1617இல் பிறப்பித்த சூனியத் தடைச் சட்டம் 1630இல் ஐஸ்லாந்தில் அறிவிக்கப்பட்டது. அதற்கு முன்பே, 1625இல், யோன் ரோக்ன்வால்ட்சன் என்பவரை எரித்துவிட்டார்கள். பேயை ஏவினார் என்பது குற்றச்சாட்டு. வீட்டில் கிடைத்த ரூன் தாள்களே சான்று. 1654இல் வடமேற்கின் ட்ரேக்கில்லிஸ்விக்கில் தேவாலயத்துக்கு வந்த பெண்கள் வலிப்புக் கண்டதுபோல் விழுந்ததற்கு மூன்று ஆண்களைக் காரணமாக்கி எரித்தார்கள். 1656இல் யோன் மக்னுசன் என்ற போதகர் தம் நோய்க்குக் கிர்க்யுபோல் பண்ணையின் தந்தையும் மகனுமே காரணம் என்று வழக்குத் தொடுக்க, இருவரும் தீயில் மாண்டனர். மகன் ஒப்புக்கொண்ட குற்றங்களில், ஒரு பெண்ணுக்கு வயிற்று உபாதை வரும்படி ரூன் எழுதியதும் ஒன்று. போதகர் அடுத்து அக்குடும்பத்துப் பெண் துரிதுர் மீதும் குற்றம் சுமத்தினார். அவர் விடுதலை பெற்றார்.

அந்த நூற்றாண்டில் ஐஸ்லாந்தில் இவ்வாறு எரிக்கப்பட்டவர்கள் 21 பேர். அவர்களில் ஒரே ஒருவர் பெண். ஐரோப்பாவின் பிற பகுதிகளில் பெரும்பாலும் பெண்களே இவ்வாறு மாண்டார்கள். ஐஸ்லாந்தில் மந்திரம் என்றால் எழுத்து. எழுத்தோ பெரும்பாலும் ஆண்கள் கையில் இருந்தது. மந்திரம் பலித்ததா என்பதைக் காட்டிலும் ஏடு வைத்திருந்தானா என்பதே வழக்கைத் தீர்மானித்தது. அறிவுத் தேட்டமே ஒருவனைக் குற்றவாளியாக்கும் நிலை அது.

‘கற்றறிந்த யோன்’ என்று பெயர்பெற்ற யோன் குட்முண்ட்சன் (1574–1658) அதற்குச் சரியான சான்று. பள்ளி காணாத இந்த ஏழை தாமாகவே கற்றார், செதுக்கினார், ஓவியம் வரைந்தார், ஏடுகளைப் படியெடுத்தார். 1615இல் மேற்கு ஃபியோர்டுகளில் கப்பல் உடைந்து கரையேறிய பாஸ்க் திமிங்கல வேட்டைக்காரர்களை உள்ளூர் அதிகாரி அரி மக்னுசன் கொல்லச் செய்தபோது, அது அநியாயம் என்று எழுதி வைத்தவர் இவரே. பிறகு அந்த வட்டாரத்தில் அவரால் வாழ முடியவில்லை. தீய சக்திகளிலிருந்து காக்கும் மருத்துவக் குறிப்பேடு ஒன்று எழுதியதற்காக 1631இல் நாடுகடத்தல் தண்டனை பெற்றார். முதுமையில் ஆயர் பிரின்யோல்புர் ஸ்வெய்ன்சன் பழஞ்செய்திகளை அவரிடம் எழுதி வாங்கியதால் அவர் அறிவு அழியாமல் தங்கியது.

எரிப்புகள் 1680களில் ஓய்ந்தன. ஏடுகள் மறைவில் படியெடுக்கப்பட்டு வந்தன. 19ஆம் நூற்றாண்டில் யோன் ஆர்னசன் நாட்டுப்புறக் கதைகளைத் திரட்டியபோது இக்குறிகளையும் சேர்த்தார். ‘கால்ட்ரபோக்’ 1921இல் ஸ்வீடனில் அச்சேறியது. 2000இல் ஹோல்மாவிக் என்ற சிற்றூரில் சூனிய அருங்காட்சியகம் திறக்கப்பட்டது.

இன்று உலகெங்கும் பலர் கையில் வைகிங் சின்னமென்று பச்சை குத்திக்கொள்ளும் ‘வெக்விசிர்’, அதாவது வழிகாட்டி, 1860இல் கெய்ர் விக்புசன் என்பவர் எழுதிய ‘ஹுல்ட்’ கையெழுத்துப்படியில் இருக்கிறது. அதைச் சுமப்பவர் புயலிலும் வழி தவறமாட்டார், அறியாத வழியாயினும், என்று அதன் அருகே குறித்திருக்கிறார்.