கத்திரிக்குத் தப்பாத கடைசிக் காட்சி

திரைக்கதையாசிரியர் வஹீத் ஹாமித் எகிப்தின் ஷர்கியா மாகாணத்துக் கிராமத்தில் 1944இல் பிறந்தார். 1963இல் கெய்ரோவுக்கு வந்து ஐன் ஷம்ஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்தார். முதலில் எழுதியது சிறுகதைகள்தான். அவரை நாடக எழுத்தின் பக்கம் திருப்பிவிட்டவர் யூசுஃப் இத்ரிஸ். எகிப்தியச் சிறுகதையின் தலைமகன் ஒருவரே இளைஞனைச் சிறுகதையிலிருந்து வெளியே அனுப்பியது வேடிக்கைதான். வானொலித் தொடர், தொலைக்காட்சி என்று கை பழகிய பின் ஹாமித் சினிமாவுக்குள் நுழைந்தார்.

அவர் பெயரை நிலைநிறுத்தியது 1986இல் வெளிவந்த ‘அல்-பரீ’. ‘அப்பாவி’ என்று பொருள். இயக்கியவர் ஆதிஃப் அல்-தய்யிப், நாயகன் அஹமத் ஸகி. எழுத்தறியாத கிராமத்து இளைஞன் கட்டாய ராணுவ சேவையில் பாலைவனச் சிறைக்குக் காவலாளியாகப் போகிறான். உள்ளே இருப்பவர்கள் எல்லாம் நாட்டின் எதிரிகள் என்று அவனுக்குச் சொல்லித் தருகிறார்கள். நம்புகிறான், அடிக்கிறான், கொலையும் செய்கிறான். ஒருநாள் கைதிக் கூட்டத்தில் தன் ஊர் நண்பனே வந்து இறங்க, ஓங்கிய கை நின்றுவிடுகிறது. ஹாமித் எழுதிய முடிவில் அவன் காவல் கோபுரத்திலிருந்து தன் தரப்பினரையே சுடுகிறான்.

அந்த ஆண்டு பிப்ரவரியில்தான் மத்தியப் பாதுகாப்புப் படையின் கட்டாயச் சேவை வீரர்கள் கெய்ரோவில் கலகம் செய்திருந்தார்கள். காவலாளியின் துப்பாக்கி திசை மாறுவதை அந்தச் சூழலில் எந்த அரசு பொறுக்கும்? படத்தை அமைச்சர்களே பார்த்தார்கள். முடிவு வெட்டப்பட்டு, காவலாளியின் அலறலோடு படம் நின்றது. வெட்டாத வடிவம் பொதுமேடை ஏறியது 2005இல், அஹமத் ஸகி இறந்த ஆண்டில்.

அடுத்த பத்தாண்டில் ஹாமித் நகைச்சுவையைக் கையில் எடுத்தார். இயக்குநர் ஷரீஃப் அரஃபா, நடிகர் ஆதில் இமாம் ஆகியோருடன் சேர்ந்து ஐந்து படங்கள். அவற்றில் தலைசிறந்தது ‘பயங்கரவாதமும் கபாபும்’ (1992). தஹ்ரிர் சதுக்கத்தின் பிரம்மாண்ட அரசு அலுவலகக் கட்டடமாக அப்போது இருந்த மொகம்மாவுக்குப் பிள்ளைகளின் பள்ளியை மாற்றக் கேட்டு ஒருவர் நடையாய் நடக்கிறார். தொழுகையைக் காரணம் காட்டும் குமாஸ்தா அசைவதாய் இல்லை. கைகலப்பில் துப்பாக்கி இவர் கைக்கு வந்துவிட, கட்டடமே பிணையாகிறது. கோரிக்கை என்ன என்று அரசு கேட்டால் சொல்ல எதுவும் இல்லை. பசிக்கிறது, கபாப் அனுப்பச் சொல்கிறார்கள். மேடைப் பேச்சு எதுவும் இல்லாமல் அரசு இயந்திரத்தின் மீது ஹாமித் தொடுத்த மிகக் கூர்மையான தாக்குதல் இதுதான்.

அரசை மட்டும் அவர் சாடவில்லை. மதத் தீவிரவாதத்தை எதிர்த்து ‘அல்-ஆயிலா’ (1994) தொலைக்காட்சித் தொடரை எழுதினார். முஸ்லிம் சகோதரத்துவ இயக்கத்தின் கதையைச் சொன்ன ‘அல்-ஜமாஆ’ (2010) அந்த இயக்கத்தாரைக் கொதிக்க வைத்தது. இடையே அலா அல்-அஸ்வானியின் ‘யாகூபியன் கட்டடம்’ நாவலுக்குத் திரைக்கதை அமைத்தார். 2006இல் வந்த அப்படத்தை இயக்கியவர் அவருடைய மகன் மர்வான் ஹாமித்.

2020 டிசம்பரில் கெய்ரோ திரைப்பட விழா வாழ்நாள் சாதனைக்கான பொன் பிரமிடு விருதை அவருக்கு அளித்தது. 2021 ஜனவரி 2 அன்று, 76 வயதில், ஹாமித் காலமானார்.