சங்கரராமன் கொலை வழக்கு மாற்றம்

காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயில் மேலாளர் சங்கரராமன் 2004 செப்டம்பர் 3 அன்று கோயில் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். காஞ்சி சங்கராச்சாரியார் ஜெயேந்திரர் அந்த நவம்பரில் கைதானார். விசாரணை செங்கல்பட்டு முதன்மை அமர்வு நீதிமன்றத்தில் நடந்திருக்க வேண்டியது. மாநில அரசோ ஜெயேந்திரர் தலைமை வகித்த காஞ்சி மடத்தின் 183 வங்கிக் கணக்குகளை முடக்கியது. குற்றம்சாட்டப்பட்டவர்கள் சிலர்மீது குண்டர் சட்டமும் பாய்ந்தது. அவர்களுடைய வழக்கறிஞர்கள்மீதுகூட வழக்குகள் பதிவாயின. நியாயமான விசாரணை கிடைக்காது என்ற அச்சத்தை ஏற்று, உச்ச நீதிமன்றம் 2005 அக்டோபர் 26 அன்று வழக்கைப் புதுச்சேரிக்கு மாற்றியது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 406ஆம் பிரிவு இதற்கு இடமளித்தது.

மாறியது நீதிமன்றம் மட்டுமே. புலனாய்வு தமிழகக் காவல்துறையிடமே இருந்தது. இந்த அரைகுறைத் தீர்வு சந்தேகத்தை முழுமையாகத் தீர்க்கவில்லை என்றே சொல்ல வேண்டும். மாநில ஒப்புதல் இன்றியும் புலனாய்வையே சிபிஐக்கு மாற்ற உச்ச நீதிமன்றத்துக்கும் உயர் நீதிமன்றங்களுக்கும் அதிகாரம் உண்டு என்பதை, மேற்கு வங்கம் தொடர்பான வேறொரு வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு 2010இல் உறுதிசெய்தது. அரிதாகவே பயன்படுத்த வேண்டும் என்ற எச்சரிக்கையோடு.

புதுச்சேரியில் 189 சாட்சிகளில் 83 பேர் பிறழ்சாட்சிகளாயினர். 2013 நவம்பர் 27 அன்று, குற்றம்சாட்டப்பட்டவர்களில் உயிருடன் இருந்த 23 பேரும் விடுவிக்கப்பட்டனர்.