அரிதாரம் கலைந்த ஆண்டுகள்

ஊரப்பாக்கத்தில் மின்தொடர் வண்டி ஏறும் நாம், தாம்பரமும் கிண்டியும் மாம்பலமும் கடந்து கோடம்பாக்கத்தை அடைகிறோம். தமிழ்த் திரையுலகுக்கே பெயராகிப்போன ஊர் அது. அத்திரையில் குழந்தைகளாகத் தோன்றியோர் பலர். பின்னாளில் இயக்குநராகவும் நிலைபெற்றோர் மிகச் சிலர். அவர்களுள் முதன்மையானவர் கமல்ஹாசன். அவரது வரலாற்றில் நாம் அதிகம் எண்ணிப் பாராத பகுதி ஒன்று உண்டு.

1954-இல் பரமக்குடியில் பிறந்த அவர், 1960-இல் ஏவி.எம். நிறுவனத்தாரின் 'களத்தூர் கண்ணம்மா' படத்தில் அறிமுகமானார். ஜெமினி கணேசனும் சாவித்திரியும் நடித்த அப்படத்தில், அநாதை விடுதியில் வளரும் சிறுவன் வேடம் அவருக்கு. எம்.எஸ். ராஜேஸ்வரியின் குரலில் அச்சிறுவன் இறைவனை வேண்டிப் பாடும் பாடல் இல்லந்தோறும் ஒலித்தது. சிவாஜி கணேசனுடன் 'பார்த்தால் பசி தீரும்' (1962), எம்.ஜி.ஆருடன் 'ஆனந்த ஜோதி' (1963) என வாய்ப்புகள் தொடர்ந்தன.

பின்னர் அவை நின்றன. குழந்தையும் அல்லாத, இளைஞனும் அல்லாத பருவத்தினருக்குத் திரையில் இடமில்லை. 1973-இல் கே. பாலசந்தரின் 'அரங்கேற்றம்' வரும்வரை ஏறத்தாழப் பத்தாண்டுகள் அவர் பெரிதும் திரைக்கு வெளியிலேயே இருந்தார். ஆனால் அவை வீணாகவில்லை. டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் ஒழுங்கும் உச்சரிப்பும் கற்றார்; நடனம் பயின்றார்; நடன ஆசிரியர் தங்கப்பனிடம் உதவியாளரானார். நம் மக்கள் பெரிதும் போற்றிய 'அன்னை வேளாங்கண்ணி' (1971) தங்கப்பன் இயக்கிய படமே. அதில் உதவி இயக்குநராக உழைத்தவர் இந்த முன்னாள் குழந்தை நட்சத்திரம்தான் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

அன்று விதைத்தது பின்னர் விளைந்தது. நாடகத்தில் ஔவையாராக வேடம் புனைந்து புகழ்பெற்ற ஆசான் டி.கே. சண்முகத்தின் நினைவாகவே 'அவ்வை சண்முகி' (1996) எனும் தலைப்பு அமைந்தது. அதன் இந்தி வடிவமான 'சாச்சி 420' படத்தை 1997-இல் கமலே இயக்கினார். வன்மத்திலிருந்து மனமாற்றத்துக்கு வரும் மனிதனைக் காட்டிய 'ஹே ராம்' (2000), மரண தண்டனையைக் கேள்விக்குள்ளாக்கிய 'விருமாண்டி' (2004) ஆகியனவும் அவர் இயக்கியவையே.

இங்கிலாந்திலும் இத்தகைய வரலாறு உண்டு. 1976-இல் 'பக்சி மலோன்' படத்தில் சிறுவனாகத் தோன்றிய டெக்ஸ்டர் பிளெட்சர், 2011-இல்தான் தம் முதல் படத்தை இயக்கினார். ஆயினும் எல்லாருக்கும் இப்பேறு வாய்ப்பதில்லை. சாப்ளினுடன் 'தி கிட்' (1921) படத்தில் நடித்த ஜாக்கி கூகன் ஈட்டிய பெருஞ்செல்வத்தைப் பெற்றவளும் மாற்றாந்தந்தையுமே செலவழித்தனர். அவ்வழக்கின் விளைவாகக் கலிபோர்னியாவில் 1939-இல் சட்டம் பிறந்தது. நம் நாட்டிலும் 2017-ஆம் ஆண்டு விதிகள், குழந்தைக் கலைஞர் நாளொன்றுக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் பணியாற்றலாகாது என்றும், வருவாயில் குறைந்தது 20 விழுக்காடு அக்குழந்தையின் பெயரில் வைப்புநிதியாக வேண்டும் என்றும் வகுத்துள்ளன.

பணத்தைச் சட்டம் காக்கும். கைதட்டல் ஓய்ந்தபின் வரும் ஆண்டுகளைக் காப்பவர் யார்? தொலைக்காட்சிப் போட்டிகளுக்குப் பிள்ளைகளை அழைத்துச் செல்லும் பெற்றோர் நம் பங்குகளிலும் உளர். அவர்களை நாம் குறைகூறவில்லை. திறமை இறைவன் தந்த கொடையே. ஆனால் மேடை கிடைக்காத நாளிலும் அப்பிள்ளைக்கு ஓர் ஆசானும் கற்பதற்கு ஒரு தொழிலும் இருக்கின்றனவா என்பதை இப்போதே கேட்டுக்கொள்வோம்.