கமெராவை வீட்டுக்குள் திருப்பியவர்

கொஞ்சம் நீளமான பதிவு, பொறுமையாக வாசியுங்கள்.

1985ஐப் பற்றி நம்ம பகுதியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். திரியாயில் வீடுகள் எரிந்தது, சனம் உடுத்த உடுப்போடு வெளிக்கிட்டது, எல்லாம் சொல்வார்கள். அடுத்த வருடம், 1986 மே மாதம், என்று கேட்டால் பேச்சு மாறிவிடும். அந்த மாதம்தான் புலிகள் ரெலோ இயக்கத்தை அழித்தார்கள். தலைவர் சிறீ சபாரத்தினத்தையும் சுட்டார்கள். செத்ததும் தமிழ்ப் பொடியன்கள், கொன்றதும் தமிழ்ப் பொடியன்கள்.

அந்த மௌனத்துக்குள் கமெராவோடு போனவர் யூட் ரட்ணம். 'டீமன்ஸ் இன் பரடைஸ்' என்ற அவருடைய ஆவணப்படம் 2017இல் கான் திரைப்பட விழாவில் சிறப்புத் திரையிடலாகக் காட்டப்பட்டது. (சுற்றுலா விளம்பரத்தில் இலங்கைக்கு வைக்கும் 'சொர்க்கம்' என்ற பெயரைத்தான் அவர் பிசாசுகளோடு சேர்த்து வைத்தார்.) எடுத்து முடிக்கப் பத்து வருடம் போனது. 83 கலவரத்தில் ஐந்து வயதுப் பிள்ளையாக ரயிலேறி வடக்குக்குத் தப்பிப் போனவர் அவர். படமும் அந்த இனவன்முறையில் இருந்துதான் தொடங்குகிறது. சிங்களப் பேரினவாதத்தை அவர் விட்டுவைக்கவில்லை. கொழும்புத் தெருவில் தன் சின்ன மகன் தமிழில் கதைக்கும்போது தனக்குள் வரும் பயத்தைக்கூடச் சொல்கிறார். அதற்குப் பிறகுதான் இயக்கங்களில் இருந்து தப்பிய ஆட்களை உட்காரவைத்துப் பேசவிடுகிறார்.

அதே வருடம் யாழ்ப்பாணச் சர்வதேச சினிமா விழாவில் காட்டப்பட இருந்த படம், எதிர்ப்பு வந்ததும் நிகழ்ச்சியில் இருந்து எடுக்கப்பட்டது. எதிர்த்தவர்கள் கேட்டதில் ஒரு நியாயம் இருக்கத்தான் செய்கிறது: முள்ளிவாய்க்காலுக்கே நீதி கிடைக்காத நேரத்தில் இது அரசாங்கத்துக்கு வசதியாகாதா? ஆனால் பிரான்சில் பார்க்கலாம், யாழ்ப்பாணத்தில் பார்க்கக் கூடாது என்றால் அந்தப் படம் யாருக்காக எடுக்கப்பட்டது?

முஸ்லிமாக இருந்து இதை எழுதுவது எனக்குச் சுலபம் என்று சிலர் நினைக்கலாம். 1990 ஓகஸ்ட் 3, காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்றவர்களைச் சுட்டார்கள். ஒக்டோபரில் வடக்கில் இருந்து ஏறத்தாழ 75,000 முஸ்லிம்களை விரட்டினார்கள். யாழ்ப்பாணத்தில் கொடுத்த அவகாசம் இரண்டு மணித்தியாலம். இவற்றை வருடாவருடம் நினைவுகூருகிறோம், நினைவுகூரத்தான் வேண்டும். அதே 1990இல் ஊர்காவல் படையில் துவக்கு வாங்கிய நம்மட ஆட்களில் சிலர் கிழக்கில் தமிழ்க் கிராமங்களுக்குள் போய்ச் செய்ததை எந்த மேடையில் பேசியிருக்கிறோம்? அங்கேயும் செத்தது ஆயுதம் இல்லாத சனம்தான். நமக்குள் ஒரு யூட் ரட்ணம் இன்னும் வரவில்லை. வந்தாலும் மண்டபம் கொடுப்போமா தெரியாது.

அந்த நாட்களில் இருபது வயதில் இருந்தவர்கள் இப்போது ஐம்பதைக் கடந்துவிட்டார்கள். குச்சவெளி, புல்மோட்டை, திரியாய்ப் பக்கம் பேச விருப்பமான பெரியவர்கள், தமிழரோ முஸ்லிமோ, இருந்தால் எனக்கு இன்பொக்ஸில் அறிவியுங்கள். போனில் குரலை மட்டும் பதிவு செய்தாலே போதும், முகம் வேண்டாம். கொமெண்டில் யாருடைய பெயரையும் போடாதீர்கள்.