ஜைத்தூன்: காவிரிக் கரைக்கு ஓதலில் வந்த கனி



தஞ்சை, நாகை, திருவாரூர் வட்டாரத்து மக்தபுகளில் ஓதும் பிள்ளைகள், அத்தியின் மீதும் ஜைத்தூனின் மீதும் சத்தியமிட்டுத் தொடங்கும் 95ஆம் அத்தியாயத்தை ஏழெட்டு வயதிலேயே மனனம் செய்துவிடுகின்றனர். அத்தி அவர்களுக்குத் தெரியும். நம் நாட்டு அத்தி வேறு இனமெனினும், பெயர் சொன்னால் ஆற்றங்கரை மரம் ஒன்று மனக்கண்ணில் நிற்கும். ஜைத்தூன் அப்படியன்று. பல தலைமுறைகளாக அது நம் பிள்ளைகளின் நாவில் சொல்லாக மட்டுமே இருந்தது.

இன்று நிலைமை மாறியிருக்கிறது. ரமலான் நெருங்கினால் கடைத்தெருக்களில் ஜைத்தூன் காய், ஜைத்தூன் எண்ணெய், அரைத்த ஜைத்தூன் விழுது எனக் கண்ணாடிக் குப்பிகள் வரிசையாக நிற்கின்றன. சிலவற்றின் அருகே “ஸுன்னத்தான உணவு” என்று எழுதியும் வைக்கின்றனர். விலையோ நடுத்தரக் குடும்பத்துக்கே கனமானது. “ஹஜ்ரத், இதை வாங்காவிட்டால் ஸுன்னத்தை விட்டதாகிவிடுமா?” என்று மத்ரஸாவுக்குப் பிள்ளையை அழைத்துவரும் தாய்மார் நம்மிடம் கேட்டதுண்டு. இக்கேள்விக்கு ஒரே வரியில் விடை கூறிவிடலாம். ஆயினும் அக்கனியின் வரலாற்றை அறிந்தபின் கூறுவதே பொருத்தம்.

திருமறையின் 23ஆம் அத்தியாயம் 20ஆம் வசனம், ஸினாய் மலையிலிருந்து வெளிப்படும் ஒரு மரத்தைக் குறிப்பிடுகிறது. அது எண்ணெயைத் தருகிறது. உண்போருக்கு ‘ஸிப்ஃக்’ ஒன்றையும் தருகிறது. விரிவுரையாளர்கள் இம்மரத்தை ஜைத்தூன் என்றே கூறுவர். ‘ஸிப்ஃக்’ என்பதன் மூலப்பொருள் சாயம். துணியைச் சாயத்தில் தோய்ப்பது போல ரொட்டியைத் தோய்த்து உண்ணும் பொருளுக்கு அப்பெயர் ஆகிவந்தது. தமிழில் இதற்கு நேர்ச்சொல் தேடினால் குழம்பு, தொடுகறி என்றெல்லாம் வரும். நம் வீடுகளில் “இன்றைக்கு என்ன ஆணம்?” என்று கேட்கிறோமே, அந்த ‘ஆணம்’ என்ற பழந்தமிழ்ச் சொல்லும் அதற்கு வெகு அருகில் நிற்கிறது.

ஃபிக்ஹு நூல்களில் இதையொட்டிச் சுவையான ஓர் ஆய்வு உண்டு. ஒருவர் ‘இதாம்’, அதாவது தொட்டுக்கொள்ளும் பொருள் எதையும் உண்ணமாட்டேன் என்று சத்தியம் செய்துவிட்டால், எதை உண்டால் சத்தியம் முறியும்? இமாம் அபூஹனீஃபா (ரஹ்), அபூயூசுஃப் (ரஹ்) இருவரும் ரொட்டி தோயக்கூடியதே இதாம் என்றனர். அவர்களிடத்தில் உப்பும் இதாம், பொரித்த இறைச்சி இதாம் அன்று. இமாம் முஹம்மது (ரஹ்) அவர்களோ பெரும்பாலும் ரொட்டியுடன் சேர்த்து உண்ணப்படும் யாவும் இதாம் என்றார்கள். 12ஆம் நூற்றாண்டில் மர்கீனானி (ரஹ்) எழுதிய ஹிதாயாவில் இவ்விவாதம் உள்ளது. அரைத்த ஜைத்தூனை ரொட்டியால் தொட்டு உண்பவருக்கு இரு தரப்பின்படியும் சத்தியம் முறிந்துவிடும் என்பது நம் கருத்து.

இனி மண்ணுக்கு வருவோம். ஜைத்தூன் பூத்துக் காய்க்கக் குளிர்காலத்துக் குளிர் தேவை. மார்கழியிலும் வியர்க்கும் நம் கழனிக்கு அது ஏற்ற மரமன்று. இந்தியாவில் ராஜஸ்தானில்தான் 2008 முதல் இஸ்ரேலியத் தொழில்நுட்பத்துடன் பெரிய அளவில் பயிரிட முயன்றனர். இலங்கையில் ஊறுகாய் போடும் வெரலிக்காயைச் சிலர் ‘சிலோன் ஆலிவ்’ என்பர். அதற்கும் ஜைத்தூனுக்கும் உறவில்லை.

நம் மண் தந்த எண்ணெய் வேறு. சம்பா அறுவடை முடிந்த தரிசில் எள் விதைப்பது டெல்டாவின் நெடுநாள் வழக்கம். அந்த எள்ளின் நெய்யே எண்ணெய். இன்று தேங்காயிலிருந்து வந்தாலும் கடலையிலிருந்து வந்தாலும் தமிழர் அதனை ‘எண்ணெய்’ என்கிறோம். அரபியரும் அவ்வாறே: ‘ஸைத்தூன்’ கனியின் சாறு ‘ஸைத்’, பின்னர் எல்லா எண்ணெயும் ‘ஸைத்’ ஆயிற்று. இலத்தீனில் ஒலிவ மரத்தின் பெயரிலிருந்து பிறந்த ‘ஓலியம்’ என்ற சொல்லே ஆங்கிலத்தின் ‘ஆயில்’ ஆனது. ஒவ்வொரு சமூகமும் தன் வீட்டுச் செக்கில் ஆடியதைக்கொண்டே உலகத்து எண்ணெய்க்கெல்லாம் பெயரிட்டிருக்கிறது.

ஜைத்தூன் எண்ணெய் நம் கடற்கரையை அறவே எட்டவில்லை என்பதற்கில்லை. புதுச்சேரிக்கு அருகிலுள்ள அரிக்கமேட்டில் 1945இல் மார்ட்டிமர் வீலரும், 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி குழுவினரும் அகழ்ந்தனர். அங்குக் கிடைத்த இருகைப்பிடி மண்சாடிகளின் ஓடுகளை எலிசபெத் லிடிங் வில் ஆராய்ந்தார். பெரும்பாலானவை மது வந்த சாடிகள். சிலவோ ஒலிவ எண்ணெய் வந்தவை. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முந்திய செய்தி இது. அங்கே தங்கிய மேற்கு நாட்டு வணிகர் தம் சமையலுக்கு வரவழைத்தது என்றே எண்ணத் தோன்றுகிறது. உள்ளூர் அடுக்களையில் அதற்கு இடம் கிடைத்ததாகத் தெரியவில்லை. எள்ளெண்ணெய் இருக்க எவர் வாங்குவார்?

14ஆம் நூற்றாண்டில் மொராக்கோவின் தாஞ்சியரிலிருந்து புறப்பட்ட இப்னு பதூதா, ரொட்டியும் ஜைத்தூனும் உண்டு வளர்ந்தவர். அவர் மஅபர் என்று அரபியர் அழைத்த நம் சோழமண்டலக் கரைக்கு வந்து, மதுரை சுல்தான் கியாஸுத்தீனின் விருந்தினராக இருந்தார். மாலத்தீவு, இலங்கை, மஅபர், மலபார் ஆகிய பகுதிகளில் மூன்றாண்டுகள் சோற்றைத் தவிர வேறெதுவும் உண்ணவில்லை என்றும், இறுதியில் தண்ணீர் குடித்தே அதனை விழுங்க முடிந்தது என்றும் தம் பயண நூலில் கூறுகிறார். நெல்லை உயிராகக் கருதும் நமக்குச் சிரிப்பு வரும். ஆனால் ஹொன்னாவரில் சோற்றுடன் வைத்த மிளகு, இஞ்சி, எலுமிச்சை, மாங்காய் ஊறுகாய்களை அவர் ஒவ்வொன்றாகக் குறித்து வைத்திருக்கிறார். சோற்றில் சலித்தவர் தொட்டுக்கொண்டதை மறக்கவில்லை.

அதே இப்னு பதூதா பின்னர் சீனத்தின் சுவான்சௌ துறைமுகத்தில் இறங்கினார். அரபு வணிகர் அந்நகரை ‘ஜைத்தூன்’ என்றே அழைத்தனர். பெயர்தான் ஜைத்தூன், அங்கும் சரி, சீனம் முழுவதிலும் சரி, இந்தியாவிலும் சரி, ஜைத்தூன் கிடையாது என்று அவர் எழுதுகிறார். அப்பெயர் ‘சித்தோங்’ என்ற சீனச் சொல்லின் அரபு உச்சரிப்பு என்பர் அறிஞர். சித்தோங் எது தெரியுமா? நம் கொல்லையிலும் வேலியிலும் நிற்கும் கல்யாண முருங்கையே! அந்நகருக்குத் தமிழ் வணிகரும் சென்று வாழ்ந்தனர். 1281ஆம் ஆண்டைச் சேர்ந்த தமிழ்க் கல்வெட்டு அங்குக் கிடைத்திருக்கிறது. ஆக, தமிழர் ‘ஜைத்தூன்’ என்னும் நகரில் வாழ்ந்தனர். ஜைத்தூன் கனியை அங்கும் காணவில்லை.

கனி நம் ஊர்களுக்கு வந்தது மிக அண்மையில்தான். நம் பாட்டன்மார் கிழக்கே ரங்கூன், பினாங்கு, சிங்கப்பூர் என்று கப்பலேறினர். சம்பல் அவ்வழியில் நம் சட்டிக்குள் வந்தது. 1973இன் எண்ணெய் விலையேற்றத்திற்குப் பின் வளைகுடா நாடுகள் ஆள் தேடியபோது, அதிராம்பட்டினம், முத்துப்பேட்டை, கூத்தாநல்லூர் என ஊர்தோறும் இளைஞர் மேற்கே சென்றனர். விடுமுறையில் திரும்பியோரின் பெட்டியில் பேரீச்சை, பால்மாவு, அத்தருடன் ஜைத்தூன் சாடியும் வந்தது. ஒருமுறை மக்தபுப் பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு காய் கொடுத்தோம். பாதிப் பேர் துப்பிவிட்டனர். ஒருவன் மட்டும், “மாவடு மாதிரி இருக்கு ஹஜ்ரத்” என்றான். சரியாகவே சொன்னான். பச்சைக் காய் தாங்க முடியாத கசப்பு. உப்புநீரில் வாரக்கணக்கில் ஊறினால்தான் அது உணவாகும்.

இப்போது அந்தத் தாய்மாரின் கேள்வி. எண்ணெயை உண்ணுங்கள், பூசிக்கொள்ளுங்கள், அது பாக்கியம் பெற்ற மரத்திலிருந்து வருகிறது என்ற கருத்தில் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கூறியதைத் திர்மிதியில் காண்கிறோம். ஜைத்தூனின் சிறப்பில் ஐயமில்லை. ஆனால் மதீனாவுக்கும் அது வெளியிலிருந்து வந்த சரக்கே. கோதுமை, வாற்கோதுமை, ஜைத்தூன் எண்ணெய் ஆகியவற்றுக்காக ஷாம் நாட்டு உழவர்களிடம் ஸஹாபாக்கள் முன்பணம் கொடுத்து வைத்ததை புகாரியில் வாசிக்கிறோம்.

ஹிஜ்ரி 18இல் அரபு நாட்டைக் கொடும்பஞ்சம் தாக்கியது. ‘சாம்பல் ஆண்டு’ என்று அதற்குப் பெயர். கலீஃபா உமர் (ரலி) அவர்கள், மக்களுக்குக் கிடைக்கும்வரை தாமும் நெய் தொடுவதில்லை என்று உறுதிபூண்டு, ஜைத்தூன் எண்ணெயையே உண்டார்கள். வயிறு இரைந்தபோது, எவ்வளவு இரைந்தாலும் மக்களுக்குக் கிடைக்காமல் உனக்கு நெய் இல்லை என்று தம் வயிற்றிடமே சொன்னார்கள். எண்ணெய் உண்டு அவர்களின் மேனி கறுத்தது என்கிறார் இப்னு ஸஅத். ஆக, அன்று நெய் வசதியின் உணவு. ஜைத்தூன் எண்ணெய் எளியோருடன் பகிர்ந்த சிக்கன உணவு. இன்று நம் கடைத்தெருவில் அது தலைகீழாகிவிட்டது. வசதியுள்ளோர் வாங்கி உண்ணட்டும், நன்று. கடன் வாங்கி அக்குப்பியை வாங்கும் தாய்க்கு மார்க்கம் அப்படியொரு சுமையை வைக்கவில்லை. நல்லெண்ணெய் ஊற்றிய துவையலைப் பிள்ளைகளுக்குக் கொடுப்பவர் ஸுன்னத்தை விட்டவர் ஆகமாட்டார்.

உண்ண விரும்புவோருக்கு ஒரு வழி உண்டு. அரைத்த விழுதுக் குப்பியைக் காட்டிலும் உப்புநீரில் ஊறிய முழுக்காய் வாங்கி வீட்டில் அரைப்பது மலிவு. இது புதிதுமன்று. கி.மு. 2ஆம் நூற்றாண்டு ரோமானியரான கேட்டோ, வேளாண்மை பற்றிய தம் நூலில் ஒலிவத் துவையலுக்குக் குறிப்பு தருகிறார். கொட்டை நீக்கி நறுக்கிய காயுடன் எண்ணெய், காடி, கொத்தமல்லி, சீரகம், புதினா முதலியன சேர்க்கச் சொல்கிறார். பட்டியலைப் பார்த்தால் நம் பெரியம்மா சொன்னது போலவே இருக்கும்.

ஒரு கோப்பைக் காயை நல்ல தண்ணீரில் அரைமணி நேரம் போட்டு உப்பை இறக்குங்கள். கொட்டை இருந்தால் அம்மிக்குழவியால் மெல்லத் தட்டினால் பிரிந்துவிடும். இரண்டு பல் பூண்டு, அரைத் தேக்கரண்டி வறுத்த சீரகம், ஒரு கைப்பிடி மல்லித்தழை, நாலைந்து புதினா இலை, ஒரு பச்சைமிளகாய் ஆகியவற்றை முதலில் அம்மியில் நைத்து, பின்பு காயைச் சேர்த்துக் கொரகொரப்பாக அரைக்க வேண்டும். மிக்ஸியானால் விட்டுவிட்டு ஓட்டுங்கள். மாவாகிவிட்டால் சுவை போய்விடும். அரை எலுமிச்சைச் சாறும் இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயும் ஊற்றிக் கலக்கவும். ஜைத்தூன் எண்ணெய் இல்லையெனில் செக்கு நல்லெண்ணெய் ஊற்றலாம், மணம் வேறாயினும் குறையில்லை. உப்புப் போட வேண்டியதில்லை. பச்சைப் பூண்டு சேர்வதால் வெளியில் வைக்காமல் குளிர்பெட்டியில் வைத்து, ஈரமில்லாத கரண்டியால் எடுத்து, மூன்று நான்கு நாளில் தீர்த்துவிட வேண்டும்.

கோதுமை ரொட்டிக்கும் அரிசி ரொட்டிக்கும் இது நன்றாகப் பொருந்துகிறது. ஸஹர் நேரத்தில் தோசைக்கும் தொட்டுக்கொள்ளலாம். சுடுசோற்றில் பிசைந்தும் பார்த்தோம். அதற்குப் பருப்புத் துவையலே மேல்.