சிறு செயற்கைக்கோள் டிரான்ஸ்சீவர்

சிறு செயற்கைக்கோளும் தரை நிலையமும் பேசிக்கொள்ள உதவும் வானொலிக் கருவி. அனுப்பியும் ஏற்பியும் ஒரே பெட்டிக்குள் அடங்கியிருக்கும். கேமரா பழுதானாலும் கோளை வைத்து ஏதாவது செய்யலாம்; டிரான்ஸ்சீவர் ஊமையானால் அது வெறும் உலோகம்தான்.

1961 டிசம்பரில் விண்ணேறிய அமெரிக்க ஹாம் ரேடியோ ஆர்வலர்களின் ஆஸ்கார்-1இல் அனுப்பி மட்டுமே இருந்தது. 140 மில்லிவாட் சக்தியில் மோர்ஸ் குறியீட்டில் ‘ஹாய்’ சொல்லியபடி மூன்று வாரம் சுற்றியது. இஸ்ரோ 2005 மே 5 அன்று ஏவிய 42.5 கிலோ ஹாம்சாட், 435 மெகாஹெர்ட்ஸில் வாங்கிய குரலை 145 மெகாஹெர்ட்ஸில் திருப்பி அனுப்பியது. 2014 ஜூலையில் அதன் பேட்டரி செயலிழந்தது.

தமிழ்நாட்டில் இந்த வரலாறு குரோம்பேட்டையில் தொடங்குகிறது. அண்ணா பல்கலைக்கழகத்தின் எம்.ஐ.டி. வளாகத்தில் ஆசிரியர்களும் மாணவர்களும் இஸ்ரோவின் வழிகாட்டலில் உருவாக்கிய 40 கிலோ அனுசாட், 2009 ஏப்ரல் 20 அன்று பிஎஸ்எல்வி-சி12இல் ஏறியது. இந்தியப் பல்கலைக்கழகம் ஒன்று வடிவமைத்த முதல் செயற்கைக்கோள் இதுவே. ஓர் ஊருக்கு மேல் போகும்போது செய்தியை வாங்கி நினைவகத்தில் வைத்துக்கொண்டு, வேறோர் ஊருக்கு மேல் வரும்போது இறக்கிவிடுவதே அதன் வேலை. ஏறக்குறைய தபால்காரர் வேலை. 2012 ஏப்ரலில் வளிமண்டலத்துக்குள் இறங்கி அழிந்தது.

தரையில் இருப்பவருக்கும் வேலை குறைவில்லை. தாழ்வான பாதையில் செல்லும் கோள் ஒரு சுற்றில் பத்து நிமிட அளவே கண்ணில் படும். 437 மெகாஹெர்ட்ஸில் பேசும் கோள் நெருங்கி வரும்போது அலைவரிசை சுமார் 10 கிலோஹெர்ட்ஸ் கூடித் தெரியும். விலகும்போது அதே அளவு குறையும். ஆவடியில் மொட்டை மாடியில் நிற்பவரானாலும் ஒரு கையில் யாகி ஆன்டெனாவைத் திருப்பிக்கொண்டு, மறு கையால் டயலைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே இறக்கியாக வேண்டும். இப்போது கணினியே இதைச் செய்துவிடுகிறது.

அனுசாட்டுக்குப் பிறகு இத்தகைய கோள்களின் எடை மளமளவெனக் குறைந்தது. காட்டாங்கொளத்தூரின் எஸ்ஆர்எம்சாட் (2011) 10.9 கிலோ; சத்யபாமாசாட் (2016) 1.5 கிலோ, சென்னை ஸ்பேஸ் கிட்ஸ் இந்தியாவின் கலாம்சாட்-வி2 (2019) அதைவிடவும் லேசானது. அதே அமைப்பின் ஆசாதிசாட் 2022 ஆகஸ்டில் ராக்கெட் தவறான பாதையில் விட்டதால் வீணானது. 2023 பிப்ரவரி 10 அன்று ஆசாதிசாட்-2 லோரா தொழில்நுட்பத்துடன் சென்றது. குறைந்த மின்சக்தியில் சிறு செய்திகளைத் தொலைவுக்கு அனுப்பும் லோரா, இவ்வளவு சிறிய கோள்களுக்குச் சரியான தேர்வு.

ஹாம் அலைவரிசையில் இத்தகைய கோள்களுடன் பேச உரிமம் கட்டாயம். மத்திய அரசு நடத்தும் அதற்கான தேர்வை 12 வயது நிரம்பியவர்கள் எழுதலாம்.