சிகிரியாப் பூங்காவின் கல்லாசனங்கள்

பூங்காவில் இருக்கை இடுதல் அற்பச் செயலெனக் கருதிச் சரித்திர ஆசிரியர் பலர் அதனைப் பொருட்படுத்துவதில்லை. ஆயினும், மன்னன் ஒருவன் எவ்விடத்தே அமர்ந்தான் என்பது அறியப்படின், அவ்விடத்தை அவன் எதன்பொருட்டு அமைத்தான் என்பதும் ஓரளவு புலனாகும். மாத்தளை மாவட்டத்துச் சிகிரியா இதற்குத் தக்க சான்று.

தந்தை தாதுசேனனைக் கொல்வித்த காசியப்பன் (கி.பி. 477-495), தம்பி மொக்கல்லானனுக்கு அஞ்சியே இக்குன்றைப் புகலிடமாக்கினான் எனச் சூளவமிசம் கூறும். இதனை மட்டும் கொள்வோர் சிகிரியாவை வெறும் அரணாகவே காண்பர். அகழியும் மதிலும் கண்கூடாதலின் அரணன்று என மறுத்தல் பொருந்தாது. எனினும், குன்றின் மேற்கே நேர்கோட்டில் அமைந்த நீர்ப்பூங்காவும் அதனை அடுத்த பாறைப்பூங்காவும் அச்சம் ஒன்றினாலே தோன்றியவையல்ல.

பாறைப்பூங்காவிலே பெரும்பாறையொன்று இரண்டாகப் பிளந்து கிடக்கின்றது. நிமிர்ந்து நிற்கும் பாதியின் மேலே நீர்த்தொட்டி வெட்டப்பட்டுள்ளது. வீழ்ந்த பாதியின் முகமோ சமதளமாகச் செதுக்கப்பட்டு, அதில் ஏறத்தாழ 5 மீற்றர் நீளமான ஆசனம் அமைந்துள்ளது. பிற்காலத்தார் இதனை ஆலோசனை மண்டபம் என்பர். இவ்வாசனம் வேறிடத்திருந்து கொணர்ந்து வைக்கப்பட்டதன்று. தளமும் ஆசனமும் ஒரே கல். பாறையைக் குறைத்துச் செல்கையிற் குறைக்காது விட்ட பகுதியே ஆசனமாயிற்று. ஆகவே, சிற்பி உளியைக் கையிலெடுக்கு முன்னரே அதன் இடம் துணியப்பட்டிருத்தல் வேண்டும். பின்னர் மனம் மாறினும் நகர்த்த வழியில்லை! குன்றின் உச்சியிலும், பாறையிற் குடைந்த குளம் இருக்கும் அத்தளத்திலேயே, இத்தகைய கல்லாசனம் ஒன்றுண்டு. புகலிடம் தேடி ஓடியவன் இத்துணை நிதானமாக இருக்கைக்கு இடம் தேர்ந்தான் என்பது நம்புதற்கரியது.

1831இல் மேஜர் போர்ப்ஸ் இக்குன்றைக் கண்டு எழுதினார். அந்நூற்றாண்டிலேயே மாத்தளை மலைச்சரிவுகளிற் கோப்பித் தோட்டங்கள் பரவின. 1880இல் புகையிரதமும் மாத்தளையை அடைந்தது. துரைமாரின் பங்களா முற்றங்களிலே புற்றரைகள் தோன்றின. அங்கு இடப்பட்டவை மரத்தாலும் பிரம்பாலும் ஆன நாற்காலிகள். வெயில் சாய்ந்தபின் வெளியே வரும். மழை கண்டால் உள்ளே போகும். ஈரநிலத்திற் கால் புதையும். இடம் தவறினும் கேடில்லை, மறுநாள் மாற்றலாம். மாற்றுதற்கு ஆளும் இருந்தனர். அத்தோட்டங்களிற் பாடுபட்டோர் பெரும்பாலும் தமிழகத்திலிருந்து வந்தவர்களே. அவருட் பலர் மன்னாரில் இறங்கிக் காட்டுவழியே தம்புள்ளை, நாலந்தை கடந்து நடந்து வந்தனர். கொள்ளைநோயால் அவ்வழியில் மாண்டோரும் மிகப் பலர். சிகிரியாக் குன்று அவர்கள் நடந்த பாதைக்குச் சில கல் தொலைவிலேயே நின்றது.